காலியில் பிறந்த வக்கீலம்மா

எங்கள் வீட்டில் ஒரு பழைய கசெட் இருக்கிறது. மூடி உடைந்து, மேலே ஒட்டியிருந்த கடதாசியும் கிழிந்துபோய், ஒரு பக்கத்தில் மட்டும் 'விதி - கோர்ட் சீன்' என்று நீலப் பேனையால் எழுதிய எழுத்து மங்கலாகத் தெரியும். அதைப் போட்டுக் கேட்பதற்கு இப்போது வீட்டில் ரேடியோவும் இல்லை. ஆனாலும் அம்மா அதை வீசவில்லை. அடையாள அட்டை, ஈ.பி.எப். கடதாசி, தாத்தாவின் பழைய துண்டு எல்லாம் வைத்திருக்கும் பிஸ்கட் பெட்டிக்குள்தான் அதுவும் கிடக்கிறது.

'விதி' திரைப்படம் 1984ம் ஆண்டு வெளிவந்தது. நான் பிறக்கும் முன்பே வந்த படம். ஆனால் அந்தப் படத்தின் வசனங்களை நான் படம் பார்க்கும் முன்னரே அறிவேன். பசறைப் பக்கம் எங்கள் லயத்தில் கொழுந்து நிறுத்துவிட்டு வரும் பெண்கள், இஸ்தோப்பில் உட்கார்ந்து தலை சிக்கெடுத்துக் கொண்டே அந்த வசனங்களைச் சொல்லிக் காட்டுவார்கள். ஒருவர் வக்கீல் சுஜாதா, மற்றவர் வக்கீல் ஜெய்சங்கர். விறகுக் கட்டைதான் சாட்சிக்கூண்டு. இந்திய சினிமா நடிகைகளின் உடுப்பையும் நகையையும் பார்த்துப் பேசிய பெண்கள், ஒரு நடிகையின் வாதத்தை மனப்பாடம் செய்து வைத்திருந்தது எனக்கு இன்றைக்கும் ஆச்சரியமான விடயந்தான்.

அந்த நடிகை நம் நாட்டில் பிறந்தவர் என்பது எங்கள் லயத்தில் எவருக்கும் தெரிந்திருக்கவில்லை. நானும் பேராதனையில் சமூகவியல் படித்துக் கொண்டிருந்த காலத்தில், 2011 ஏப்ரல் 6ம் திகதி சுஜாதா சென்னையில் காலமான செய்தியைப் பத்திரிகையில் வாசித்தபோதுதான் அறிந்தேன். 1952 டிசம்பர் 10ம் திகதி காலியிலே, ஒரு மலையாளக் குடும்பத்தில் அவர் பிறந்தார். சிறுபராயம் முழுவதும் இங்கேதான். பாடசாலை நாடகங்களில் நடித்திருக்கிறார். பதின்ம வயதில் குடும்பத்தோடு கேரளத்துக்குப் போய், அங்கே மலையாளப் படங்களில் நடிக்கத் தொடங்கினார். அன்றிரவு விடுதியிலிருந்து அம்மாவுக்குத் தொலைபேசி எடுத்துச் சொன்னேன். "நம்ம நாட்டு புள்ளயா அது?" என்று கேட்டவர், கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை.

தமிழில் அவரை அறிமுகப்படுத்தியவர் கே. பாலசந்தர். 1974ல் வெளிவந்த 'அவள் ஒரு தொடர்கதை' படத்தில் முழுக் குடும்பத்தையும் தன் ஒருத்தியின் சம்பளத்தில் தாங்கும் மூத்த பெண்ணாக வந்தார். சிரிக்காத முகம், சுள்ளென்று விழும் பேச்சு. கதாநாயகி என்றால் இப்படித்தான் இருக்கவேண்டும் என்று அந்நாளில் எழுதாமல் எழுதி வைத்திருந்த எதற்கும் பொருந்தாத பெண் அவர். 1976ல் 'அன்னக்கிளி', இளையராஜா முதன் முதலாக இசையமைத்த படம், அதன் நாயகியும் இவரே. 1977ல் 'அவர்கள்'. அதில் கமல்ஹாசனும் ரஜினிகாந்தும் இருந்தார்கள். ஆனால் கதை சுஜாதாவுடையது. கொடுமைக்காரக் கணவனை விட்டு விலகிக் கைக்குழந்தையோடு வேலைக்குப் போகும் பெண்ணின் கதை. பிறகு சிவாஜி கணேசனோடு பல படங்கள். வயது ஏற ஏற அம்மா வேடங்களுக்கு வந்துவிட்டார். 'பாபா', 'வரலாறு' காலத்துப் பிள்ளைகளுக்கு அவர் ரஜினியின் தாய், அஜித்தின் தாய், அவ்வளவுதான். ஆண் நடிகர்கள் ஐம்பது வயதிலும் காதலர்களாக இருக்க, அவர்களோடு ஒரு காலத்தில் ஜோடியாக நடித்த பெண்கள் அவர்களுக்கே தாயாகிப் போகும் சினிமாவின் கணக்கை நான் இங்கே விவரிக்கப் போவதில்லை. அது தனிக் கட்டுரைக்குரிய விடயம்.

எங்கள் லயத்துப் பெண்களுக்கு இவையெல்லாம் முக்கியமல்ல. அவர்களுக்கு அவர் வக்கீலம்மா.

கதை இதுதான்

'விதி' சொந்தக் கதையல்ல. தெலுங்கில் 1981ல் 'நியாயம் காவாலி' என்ற பெயரில் வந்து, 1983ல் இந்திக்கும் போய், பிறகு தமிழுக்கு வந்தது. மூலம் டி. காமேஸ்வரி என்ற பெண் எழுத்தாளரின் தெலுங்கு நாவல். தெலுங்கில் சாரதாவும், இந்தியில் ரேகாவும் நடித்த வக்கீல் பாத்திரத்தைத் தமிழில் சுஜாதா ஏற்றார். கே. பாலாஜி தயாரிக்க, கே. விஜயன் இயக்கினார். வசனம் ஆரூர்தாஸ்.

ஒரு பணக்கார இளைஞன் (மோகன்) ஒரு பெண்ணை (பூர்ணிமா) காதலிப்பதாகச் சொல்லி, கலியாணம் செய்வதாக நம்பவைத்து, பிள்ளை வயிற்றில் வந்தபின் கைவிடுகிறான். அவள் கிணற்றில் விழவில்லை. கடிதம் எழுதி வைத்துவிட்டுத் தூக்கில் தொங்கவில்லை. நீதிமன்றத்துக்குப் போகிறாள். அவளுக்காக வாதாட வருபவர் சுஜாதா. அவனுக்காக வாதாடுபவர் அவனுடைய தகப்பனே, பெயர் பெற்ற வக்கீல் (ஜெய்சங்கர்). படம் போகப் போகத்தான் தெரியவருகிறது, அந்தத் தகப்பன் இளமையில் இதே சுஜாதாவை இதேபோல் ஏமாற்றியவர் என்பது. படத்தின் பிற்பகுதியில் பெரும்பங்கு நீதிமன்றத்திலேயே நடக்கிறது. பாக்யராஜ் தன் சொந்தப் பெயரிலேயே வந்து சாட்சிக்கூண்டில் ஏறினார். அந்த நீதிமன்றக் காட்சிகளின் வசனம் தனியே கசெட்டாக வந்து, தமிழ்நாட்டில் கலியாண வீடு, கோயில் திருவிழா, தேநீர்க்கடை என்று ஒலிபெருக்கி கட்டிய இடமெல்லாம் பாட்டுக்குப் பதிலாக ஒலித்தது. கடலைத் தாண்டி எங்கள் மலைக்கும் அது வந்தது. எங்கள் மாமா பதுளை பஜார் வீதியில் பதிந்து வாங்கி வந்த பிரதிதான் அம்மாவின் பெட்டியில் இருப்பது.

தமிழ்ப் படங்களில் நீதிமன்றம் புதிதல்ல. 1952ல் 'பராசக்தி'யில் சிவாஜி பேசிய நீதிமன்ற வசனத்தை நம் தாத்தாமார் ஒப்புவிப்பார்கள். 1973ல் 'கௌரவம்' படத்தின் பாரிஸ்டரும் அவரே. ஆனால் 'பராசக்தி'யில் துன்பப்பட்டவள் தங்கை, அவள் துயரத்தை முழங்கிச் சொல்வது அண்ணன். பெண்ணுக்கு நடந்ததை ஆண் எடுத்துச் சொல்லி, இன்னொரு ஆண் தீர்ப்புச் சொல்லும் வழக்கமே நெடுங்காலம் இருந்தது. 'விதி'யில் கூண்டில் நிற்பவளும் பெண், அவளுக்காக எழுந்து நிற்பவளும் பெண். இலங்கையின் உயர் நீதிமன்றத்தில் ஒரு பெண் நீதியரசர் முதன்முதலாக அமர்ந்தது 1996ல்தான் என்பதை நினைத்துப் பார்த்தால், 1984ல் ஒரு லயத்து இஸ்தோப்பில் கறுப்புக் கோட்டுப் போட்ட பெண்ணின் குரல் எப்படி விழுந்திருக்கும் என்பது புரியும்.

சுஜாதா அந்தக் காட்சிகளில் அதிகம் கத்துவதில்லை. ஜெய்சங்கர்தான் குரலை உயர்த்துவார். சுஜாதா கேள்வி கேட்பார், பதில் வரும்வரை பார்த்துக் கொண்டிருப்பார். கசெட்டில் அந்தப் பார்வை தெரியாது, மௌனந்தான் கேட்கும். ரேடியோவின் பற்றரி தீர்ந்துவிட்டதோ என்று நினைக்கும்படியான மௌனம் என்று அம்மா சொல்வார்.

சின்னம்மா

அந்தக் கசெட்டை எங்கள் வீட்டில் திடீரென்று ஒருநாள் நிறுத்தினார்கள். இதை அம்மா எனக்கு மிகவும் பிந்தித்தான் சொன்னார்.

அம்மாவுக்கு ஒரு தங்கை. என் சின்னம்மா. அவருக்கு அப்போது பத்தொன்பது, இருபது வயது. பக்கத்து டிவிசனில் ஒருவர், பெயர் இங்கே வேண்டாம். கலியாணம் செய்வதாகச் சொல்லியிருக்கிறார். 1986ல் சின்னம்மாவுக்கு ஆண் பிள்ளை பிறந்தது. அந்த மனிதர் தனக்குச் சம்பந்தமில்லை என்றார். சின்னம்மா வயிற்றில் பிள்ளையோடு காம்பராவின் மூலையில் படுத்திருந்த நாட்களில் பக்கத்துக் காம்பராவில் 'விதி' கசெட்டைப் போட்டிருக்கிறார்கள். தாத்தா எழுந்துபோய் ரேடியோவை நிறுத்தினாராம். கோபத்தில் அல்ல. அந்தப் பெண்கள் வேண்டுமென்றே போட்டார்கள் என்று அவர் நினைத்தார். பிற்காலத்தில் சின்னம்மாவிடம் கேட்டபோது அவர் சொன்னது வேறு. "அவுங்க எனக்குத்தான் போட்டாங்க புள்ள. ஆனா கேலி பண்ணவா, தெம்பு சொல்லவான்னு எனக்கு இன்னிக்கும் தெரியாது."

கோர்ட்டுக்குப் போகலாம் என்று சின்னம்மா சொல்லியிருக்கிறார். அதுவும் அந்தக் கசெட் கொடுத்த துணிவுதான். தாத்தா தோட்டத்துத் தலைவரிடம் போனார். கோர்ட்டு, கச்சேரி என்று போனால் குடும்ப மானம் போகும், பேசித் தீர்ப்போம் என்றார்கள். பேசினார்கள். தீபாவளிக்குப் பிறகு, தைப்பொங்கலுக்குப் பிறகு, தோட்டத்துத் திருவிழாவுக்குப் பிறகு என்று பேசிக்கொண்டே இருந்தார்கள். பிள்ளைக்கு ஒரு வயது கடந்தபின், பதுளையில் வேறு அலுவலாகச் சந்தித்த ஒரு சட்டத்தரணி தாத்தாவிடம் சொன்னாராம், இனி முடியாது, காலம் கடந்துவிட்டது என்று.

அவர் சொன்னது உண்மை. அன்றைக்கு நடைமுறையில் இருந்தது 1889ம் ஆண்டின் தாபரிப்புக் கட்டளைச் சட்டம். கலியாணம் செய்யாத தாய், பிள்ளை பிறந்து பன்னிரண்டு மாதத்துக்குள் மனுப் போடவேண்டும். அந்தப் பன்னிரண்டு மாதத்தில் தகப்பன் பிள்ளையின் பராமரிப்புக்கு ஏதாவது கொடுத்திருந்தால் அதன்பிறகும் கேட்கலாம். தாயின் சொல் மட்டும் போதாது, அதை உறுதிப்படுத்த வேறு சாட்சியமும் தேவை. அந்த மனிதர் ஒரு பால் மா டின்கூட வாங்கிக் கொடுக்கவில்லை. கல்மனசு என்று எங்கள் ஆட்கள் பேசிக்கொண்டார்கள். எவரோ அவருக்குச் சட்டம் சொல்லிக் கொடுத்திருப்பார்கள் என்பது என் சந்தேகம். பேசித் தீர்ப்போம் என்று சொன்னவர்களுக்கும் அந்தப் பன்னிரண்டு மாதக் கணக்குத் தெரிந்திருந்ததா என்பதை இப்போது கேட்க வழியில்லை. அவர்களில் பலர் இறந்துவிட்டார்கள்.

பிள்ளையின் பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில் தகப்பன் பெயருக்குரிய கூடு வெறுமையாகவே இருந்தது. தாயும் தகப்பனும் கலியாணம் செய்யாதவிடத்து, இருவரும் சேர்ந்து கேட்டாலொழியத் தகப்பன் பெயரைப் பதியமாட்டார்கள்.

1983 கலவரத்தில் பதுளை நகரத்துத் தமிழ்க் கடைகள் எரிந்தபின் எங்கள் சொந்தக்காரர் சிலர் கிளிநொச்சிப் பக்கம் போய்க் காடு வெட்டிக் குடியேறியிருந்தார்கள். மலையகத்திலிருந்து அப்படி வன்னிக்குப் போன குடும்பங்கள் எத்தனையோ. இதை வாசிக்கும் சகோதரிகளில் சிலரும் அந்தக் குடும்பங்களில் பிறந்தவர்களாக இருக்கலாம். சின்னம்மாவும் கைப்பிள்ளையோடு அங்கே போனார். தோட்டத்தில் இருக்க முடியாமல்தான் போனார். அங்கே கூலி வேலை, பிறகு அரைக் காணியில் கச்சான், பிறகு இடப்பெயர்வு, பிறகும் இடப்பெயர்வு. 2009 மே மாதத்தில் மகனுக்கு இருபத்து மூன்று வயது. முள்ளிவாய்க்காலில் கூட்டத்துக்குள் கை விடுபட்டது. செட்டிகுளம் முகாமில் ஒவ்வொரு வலயமாகத் தேடினார். 2012ல் தனியாக எங்கள் வீட்டுக்குத் திரும்பி வந்தார். நான் அவரை நேரில் பார்த்ததே அப்போதுதான்.

மகனுக்கு மரணச் சான்றிதழ் வாங்கச் சொன்னார்கள். சின்னம்மா மறுத்துவிட்டார். 2016ல் சட்டத்தைத் திருத்திய பிறகு, இறந்தார் என்று சொல்லாமல் காணாமற் போயுள்ளார் என்று மட்டும் சான்றிதழ் எடுக்க வழி வந்தது. அதற்காக ஓர் அலுவலகத்துக்கு அவரோடு நானும் போனேன். மேசையில் இருந்தவர் பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தைப் பார்த்துவிட்டு, "தகப்பன் யார்?" என்று கேட்டார். வரிசையில் நின்றவர்களுக்கும் கேட்கும்படிதான் கேட்டார். முப்பது வருடம் கழித்து, மகனைத் தேடிப்போன இடத்திலும் அதே கேள்வி. சின்னம்மா தலையைக் குனியவில்லை. அவனுடைய பெயரை, தகப்பன் பெயரை, டிவிசனை எல்லாம் தெளிவாகச் சொன்னார். "எழுத மாட்டீங்கன்னு தெரியும். கேட்டீங்க, சொன்னேன்" என்றார். வெளியே வந்து தேநீர் குடிக்கும்போது, "சுஜாதா மாதிரி இருந்திச்சா?" என்று கேட்டுச் சிரித்தார். எனக்குச் சிரிப்பு வரவில்லை.

"நான் எப்ப பேசணும்?"

1999ம் ஆண்டில் பழைய சட்டத்தை நீக்கிவிட்டு 37ம் இலக்கத் தாபரிப்புச் சட்டம் வந்தது. பன்னிரண்டு மாதக் கட்டுப்பாடு போய்விட்டது. கலியாணத்துக்கு வெளியே பிறந்த பிள்ளைக்கும் தகப்பனிடம் தாபரிப்புக் கேட்கலாம். தகப்பன் இவரே என்று நீதிமன்றம் திருப்திப்படும் அளவுக்குச் சாட்சியம் வேண்டும், அவ்வளவே. பதினெட்டு வயதுவரை பிள்ளைக்கும், தேவையுள்ளவிடத்து இருபத்தைந்து வயதுவரையும் உரிமை உண்டு. நாம் வசிக்கும் இடத்து நீதவான் நீதிமன்றத்திலேயே மனுப் போடலாம். அவர் இருக்கும் ஊருக்கு அலையத் தேவையில்லை. கட்டாமல் விட்டால் சம்பளத்திலிருந்து கழிக்கும்படி தொழில் கொடுப்பவருக்கே கட்டளை போகும். சட்டத்தரணிக்குக் கொடுக்கப் பணமில்லாதவர்கள் சட்ட உதவி ஆணைக்குழுவை நாடலாம். பல நீதிமன்ற வளாகங்களிலேயே அதன் நிலையங்கள் உள்ளன. இந்தச் சட்டம் வந்தபோது சின்னம்மாவின் மகனுக்குப் பதின்மூன்று வயது. ஆனால் அவர்கள் இருந்த இடத்தில் அந்த வருடம் எவருக்கும் சட்டம் வாசிக்க நேரமிருக்கவில்லை.

இன்னொரு விடயத்தையும் சொல்லவேண்டும். 'விதி' ஓடிய அதே 1984ல்தான் இங்கிலாந்தின் லெஸ்டர் பல்கலைக்கழகத்தில் அலெக் ஜெஃப்ரிஸ் என்ற விஞ்ஞானி மரபணுவை வைத்து ஆளை அடையாளம் காணும் முறையைக் கண்டுபிடித்தார். இன்றைக்கு அந்தப் படத்தை எடுத்தால் அரை மணித்தியாலத்தில் முடிந்துவிடும். அந்தக் காலத்தில் ஒரு பெண்ணுக்கு அவளுடைய சொல்லையும் கடிதத்தையும் கண்ட சாட்சியையும் விட்டால் வேறு கதியில்லை. ஒரு புகழ்பெற்ற இயக்குநரே வந்து சாட்சி சொல்லவேண்டியிருந்ததைப் பார்க்கும்போது எனக்குக் கொஞ்சம் எரிச்சலாகவே இருக்கும். பாக்யராஜைத் தெரியாத பெண்கள் என்ன செய்வது?

என் வேலையில் நான் அடிக்கடி நீதிமன்றத்துக்குப் பெண்களோடு துணைக்குப் போகிறேன். சில வருடங்களுக்கு முன் ஓர் இளம் தாய் வந்தாள். மூன்று வயதுப் பிள்ளை. பிள்ளையின் தகப்பன் கொழும்பில் ஒரு கம்பனியில் வேலை. தோட்டத்துக் கோயிலில் தாலி கட்டியிருக்கிறார், பதிவு செய்யவில்லை. எங்கள் தோட்டங்களில் இது மிகச் சாதாரணம். பிறகு அவர் அங்கே வேறு குடும்பம் என்று கேள்விப்பட்டாள்.

முதல் தவணைக்கு அவள் தீபாவளிச் சேலையைக் கட்டிக்கொண்டு வந்திருந்தாள். முதல் நாள் இரவெல்லாம் என்ன பேசுவது என்று யோசித்து மனதில் எழுதி வைத்திருந்தாள். காலை ஒன்பதுக்குப் போய் உட்கார்ந்தோம். பதினொன்றரைக்குப் பெயரைக் கூப்பிட்டார்கள். அவர் வரவில்லை. சிங்களத்தில் இரண்டு வசனம், திகதி ஒன்று. அதோடு முடிந்தது. வெளியே வந்ததும் அவள் கேட்டாள்: "அக்கா, நான் எப்ப பேசணும்?"

வடக்கு, கிழக்கில் உள்ள சகோதரிகளுக்கு நீதிமன்றத்தில் தமிழ் கேட்கும். ஊவாவில் நீதிமன்ற மொழி சிங்களம். நமக்கு விளங்கும் மொழியில் மொழிபெயர்ப்புப் பெறும் உரிமை அரசியலமைப்பிலேயே உண்டு. ஆனால் கேட்டால்தான் கிடைக்கும். சில நாட்களில் கேட்டாலும் மொழிபெயர்ப்பாளர் வேறு வழக்கில் இருப்பார். ஒரு தவணை அதற்காகவே பின்போடப்பட்டது. சினிமாவில் நீதிபதி மேசையைத் தட்டுகிறார், எல்லோரும் அமைதியாகிறார்கள், பெண் பேசுகிறாள். எங்கள் நீதிமன்றங்களில் பின்வாங்கில் பிள்ளை அழும், மின்விசிறி கடகடக்கும், முன்னால் என்ன பேசுகிறார்கள் என்று அரைவாசி கேட்காது.

காலமும் அப்படித்தான். எங்கள் ஊவாவில், பண்டாரவளைக்குப் பக்கத்துப் பிந்துனுவெவ புனர்வாழ்வு முகாமில் 2000 ஒக்டோபர் 25ம் திகதி இருபத்தைந்துக்கும் மேற்பட்ட தமிழ் இளைஞர்கள் கொல்லப்பட்டார்கள். 2003ல் ஐவருக்கு மரண தண்டனை விதித்தார்கள். தண்டனை பெற்றவர்கள் 2005ல் உயர் நீதிமன்றத்தால் விடுவிக்கப்பட்டார்கள். முள்ளிவாய்க்காலில் சரணடைந்தவர்களைத் தேடி உறவினர் 2013ல் போட்ட ஆட்கொணர்வு மனுக்கள் சிலவற்றில் வவுனியா மேல் நீதிமன்றம் அவர்களுக்குச் சார்பாகத் தீர்ப்புச் சொன்னது 2022 டிசம்பரில். 2021ல் 'ஜெய் பீம்' படம் வந்தபோது தொலைபேசியில் சின்னம்மாவுக்குப் போட்டுக் காட்டினேன். பொலிஸ் கொண்டுபோன கணவனைத் தேடி, வயிற்றில் பிள்ளையோடு ஒரு பெண் ஆட்கொணர்வு மனுப் போடும் கதை. முழுதும் பார்த்தார். "இவளுக்காவது ஒடம்ப கண்ணுல காட்டினாங்க" என்றார். அதற்குமேல் அந்தப் படத்தைப் பற்றி அவர் பேசவில்லை.

ஆனால் அந்த இளம் தாயின் வழக்கு முடிந்தது. பதினான்கு மாதம் போனது. இடையில் இரண்டு முறை வேண்டாம் என்று நிறுத்தப் பார்த்தாள். ஒவ்வொரு தவணைக்கும் ஒருநாள் பேர் போகும், பஸ் காசு போகும், பெரட்டில் கங்காணியின் பேச்சுக் கேட்கவேண்டும். கடைசியில் ஒருநாள் அவளைக் கூண்டில் ஏற்றினார்கள். மொழிபெயர்ப்பாளரும் இருந்தார். அவள் பேசியது ஐந்தே வசனம். மனதில் எழுதி வைத்திருந்த எதையும் சொல்லவில்லை. எங்கே கலியாணம் நடந்தது, யார் யார் இருந்தார்கள், பிள்ளை எப்போது பிறந்தது, அவர் எப்போது கடைசியாக வந்தார், இப்போது பிள்ளைக்கு என்ன தேவை. குரல் நடுங்கவில்லை. கோயில் பூசாரியும் வந்து சாட்சி சொன்னார். (அவரை வரவைக்க நான் நடந்த நடை வேறு கதை.) சம்பளத்தில் மாதாமாதம் கழிக்கும்படி கட்டளை வந்தது.

'விதி' படத்தின் முடிவு பலருக்கு நினைவிருக்கும். வழக்கில் வென்றபின் அந்த இளைஞன் அவளைக் கலியாணம் செய்ய முன்வருகிறான். அவள் மறுக்கிறாள். அவள் கேட்டது கணவனை அல்ல, உண்மையை. எங்கள் லயத்தில் அந்த முடிவை ஏற்காதவர்கள் நிறையப் பேர் இருந்தார்களாம். "கோர்ட்டுல ஜெயிச்சும் வாழாவெட்டியா இருக்கணுமா?" என்று பெரியவர்கள் கேட்டார்கள். பாட்டிக்கும் அதே எண்ணந்தான். அம்மாவும் அவர் வயதுப் பெண்களும் மறுபக்கம். கொழுந்து மலையிலேயே இதற்காகச் சண்டை நடந்ததாக அம்மா சொல்வார். வக்கீலம்மாவுக்கு என்ன ஆனது என்று எவரும் கேட்கவில்லையா என்று ஒருமுறை கேட்டேன். அந்தக் கதையில் தன்னை ஏமாற்றியவரின் எதிரில் நின்றே அவர் வாதாடுகிறார். வெல்வது அந்த இளம் பெண்ணின் வழக்கு, அவருடையது எந்த நீதிமன்றத்திலும் எடுபடவேயில்லை. அம்மா சின்னம்மாவைப் பார்த்தார். நானும் பேச்சை நிறுத்திக்கொண்டேன்.

போன வருடம் ஒரு ஞாயிற்றுக்கிழமை அந்த இளம் தாய் ஒரு சீப்பு வாழைப்பழத்தோடு எங்கள் வீட்டுக்கு வந்தாள். முதல் மூன்று மாதப் பணம் வந்துவிட்டது, பிள்ளையை முன்பள்ளியில் சேர்த்துவிட்டேன் என்றாள். கட்டளையின் பிரதியைப் பிளாஸ்டிக் உறையில் போட்டுக் கையோடு கொண்டு வந்திருந்தாள். அதை எங்கே போனாலும் கொண்டுபோகிறாளாம். சின்னம்மா அதை வாங்கிப் பார்த்தார். சிங்களத்தில் இருந்தது. என்னிடம் நீட்டி, "என்ன எழுதியிருக்கு, வாசி புள்ள" என்றார்.

வழக்கு இலக்கம், திகதி, மனுதாரர், எதிர்மனுதாரர் என்று ஒவ்வொன்றாகத் தமிழில் சொல்லிக்கொண்டு வந்தேன். ஓர் இடத்தில் பிள்ளையின் பெயரும், இன்னாருடைய பிள்ளை என்று தகப்பன் பெயரும் ஒரே வரியில் வந்தன. சின்னம்மா கையை உயர்த்தி என்னை நிறுத்தினார்.

"அந்த வரிய இன்னொருக்கா வாசி."

வாசித்தேன்.